ழென்வியேவ்: ஒரு பிரெஞ்சுப் பெண் பெயரின் வேரும் வரலாறும்

பிறக்கப் போகும் மகளுக்கு ழென்வியேவ் என்று பெயரிட விரும்பும் ஒருவர், பெயர்ப் பட்டியல்கள் சில அதற்கு ‘வெள்ளை அலை’ என்றும், வேறு சில ‘குலத்துப் பெண்’ என்றும் பொருள் சொல்வதைக் கண்டு, எது சரி, பெயர் எந்த மொழியில் பிறந்தது என்று கேட்டிருக்கிறார். ‘வெள்ளை அலை’ தவறு. வேறொரு பெயரின் பொருள் இதன்மேல் வந்து ஒட்டிக்கொண்டது. ‘குலத்துப் பெண்’ என்பதில் முதற் பாதி ஏற்கத்தக்கது, பிற்பாதிக்குப் போதிய ஆதாரமில்லை. ஆனால் இந்தப் பெயரைச் சொன்னதும் ஒரு பிரெஞ்சுக்காரரின் நினைவில் எழுவது எந்தச் சொல்லின் பொருளும் அல்ல. 5ஆம் நூற்றாண்டில் பாரிஸ் நகரில் வாழ்ந்த ஒரு பெண். ஆகவே பெயரின் வேரை முதலில் பார்த்துவிட்டு, அந்தப் பெண்ணைப் பற்றிச் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

இப்பெயரின் பழைய லத்தீன் வடிவம் கெனோவேஃபா. பாரிஸின் காவல் புனிதையான அந்தப் பெண்ணின் வாழ்க்கை வரலாறு, அவர் இறந்து 18 ஆண்டுகளுக்குப் பிறகு, அதாவது ஏறத்தாழ 520ஆம் ஆண்டில், லத்தீனில் எழுதப்பட்டது. அதை எழுதியவர் தம் பெயரை எங்கும் குறிப்பிடவில்லை. ஆனால் எத்தனை ஆண்டுகளுக்குப் பின் எழுதுகிறேன் என்பதைத் தாமே சொல்லியிருக்கிறார். பெயரின் வேரைத் தேடுகிறவர்கள் எல்லோரும் அந்த வடிவத்திலிருந்துதான் தொடங்க வேண்டும். இன்றைய உச்சரிப்பை வைத்துக்கொண்டு, ஒலியொத்த வேறு சொற்களோடு சேர்த்துப் பொருள் சொல்வதில்தான் பெரும்பாலான பிழைகள் நேர்கின்றன.

‘வெள்ளை அலை’ வந்த வழியும் அதுவே. ஆர்தர் மன்னன் கதைகளில் வரும் அரசியின் வெல்ஷ் மொழிப் பெயர் க்வென்ஹ்விவர். ஆங்கிலத்தில் அது குவினிவியர் ஆயிற்று. கார்ன்வால் பகுதியின் வழியாக ஜெனிஃபர் என்றும் ஆயிற்று. அந்தப் பெயரின் முற்பகுதியான ‘க்வென்’ என்பதற்கு வெண்மை, அழகு, தூய்மை என்று பொருள். பிற்பகுதியை மொழியறிஞர்கள் ஆவி அல்லது மாய உருவம் என்ற பொருளுள்ள பழைய ஐரிஷ் சொல்லோடு இணைக்கிறார்கள். அலை என்பது பெயர்ப் பட்டியல்கள் ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதிப் பரப்பிய விளக்கம். ழென்வியேவும் குவினிவியரும் காதுக்கு நெருங்கி ஒலிப்பதால், ஒன்றன் பொருளை மற்றொன்றுக்கு எடுத்துக் கொடுத்துவிட்டார்கள். இது ஏன் பொருந்தாது என்பதற்கு வலுவான காரணம் ஒன்று உண்டு. வெல்ஷ் மொழியின் ‘க்வென்’ பழைய கெல்டிக் மொழியில் ‘விந்தோ’ என்று வகரத்தில்தான் தொடங்கியது. முன்னால் ககரம் சேர்ந்தது வெல்ஷ் மொழியில் பின்னர் நேர்ந்த மாற்றம். வியன்னா நகரின் பழைய பெயரான விந்தொபோனாவில் அந்தத் தொடக்க வடிவத்தை இன்றும் காணலாம். 5ஆம் நூற்றாண்டில் பாரிஸ் அருகே பிறந்த ஒரு பெண்ணின் பெயரில் இந்தச் சொல் இருந்திருந்தால், அது ‘விந்தோ’ என்றே தொடங்கியிருக்கும். ‘கெனோ’ என்று தொடங்க வழியே இல்லை.

ஒலியொப்புமையால் சேர்த்துப் பேசப்படும் சொற்கள் வேறு இரண்டும் உண்டு, அவற்றையும் விலக்கிவிடலாம். ஜெனீவா நகரம் ஜூலியஸ் சீசரின் நூலில் கெனாவா என்று வருகிறது. ஏரியிலிருந்து ஆறு வெளியேறும் இடத்தில் அமைந்த அந்த ஊருக்கும் இந்தப் பெண் பெயருக்கும் தொடர்பில்லை. சூரைச்செடியை (ஆங்கிலத்தில் ஜூனிபர்) பிரெஞ்சில் ழெனியேவ்ர் என்பார்கள். அது ‘யூனிபெருஸ்’ என்ற லத்தீன் சொல்லின் திரிபு. இத்தாலியிலும் இத்தகைய ஒலி விளையாட்டு உண்டு: லியொனார்டோ டா வின்சி வரைந்த ஜினேவ்ரா தெ பென்சியின் ஓவியத்தில் அந்தப் பெண்ணின் தலைக்குப் பின்னால் அடர்ந்து நிற்பது ஜினேப்ரோ என்னும் சூரைச்செடிதான். ஆனால் ஜினேவ்ரா என்பது குவினிவியரின் இத்தாலிய வடிவம். ழென்வியேவின் இத்தாலிய வடிவம் ஜெனொவேஃபா. இவ்விரண்டையும் ஒன்றாக்கி எழுதும் பெயர்ப் பட்டியல்களை நம்ப வேண்டாம்.

இனி ‘குலத்துப் பெண்’ என்ற விளக்கம். நெடுங்காலமாக அறிஞர்கள் சொல்லிவந்த கருத்து, இது ஃபிராங்கியர் என்னும் ஜெர்மானிய இனத்தார் பேசிய மொழிப் பெயர் என்பது. ‘குனி’ என்றால் குலம், ‘வீஃப்’ என்றால் பெண் (ஆங்கிலத்தில் மனைவியைக் குறிக்கும் வைஃப் என்ற சொல்லின் மூலம் இதுவே). இரண்டும் சேர்ந்து கெனோவேஃபா ஆயிற்று என்பார்கள். கேட்பதற்குச் சீராகத்தான் இருக்கிறது. ஆனால் நெருங்கிப் பார்த்தால் இரண்டு பகுதிகளிலும் இடறுகிறது. ‘குனி’ என்ற சொல் உள்ள ஜெர்மானியப் பெயர்கள் பல நமக்குக் கிடைத்திருக்கின்றன: குனிகுண்டா, குனிபெர்ட். அவற்றில் உகரம் உகரமாகவே நிற்கிறது. ‘கெனோ’ என்று திரியவில்லை. இரண்டாவது பகுதியில் சிக்கல் இன்னும் பெரிது. ஃபிராங்கியப் பெண்களின் பெயர்கள் ஹில்டு, குண்டு, பெர்கா, ஃபிளெட், ட்ரூட் என்று முடிவது வழக்கம்; க்ளோட்டில்டு, ராதெகுண்டு, இங்கொபெர்கா, கெர்ட்ரூட் என்று எத்தனையோ சொல்லலாம். ‘வீஃப்’ அந்த வரிசையில் இடம்பெறும் சொல் அல்ல. அது ஜெர்மானிய மொழியில் பெண்பாற் சொல்லாகக்கூட இல்லாமல் அஃறிணைப் பாலில் அமைந்தது.

பிரெஞ்சு மொழியின் ஒலி வரலாறும் இதற்கு எதிராகவே சாட்சி சொல்கிறது. லத்தீனின் நெடில் ஈகாரம் பிரெஞ்சில் ஈகாரமாகவே நிற்கும்: கரை என்ற பொருளுள்ள ‘ரீபா’ இன்று ‘ரீவ்’, உயிருள்ளவள் என்ற ‘வீவா’ இன்று ‘வீவ்’. அழுத்தம் பெற்ற குறில் எகரமோ ‘இயே’ என்று விரியும்: பாதத்தைக் குறிக்கும் ‘பெதெம்’ ‘பியே’ ஆயிற்று, கல்லைக் குறிக்கும் ‘பெத்ரா’ ‘பியேர்’ ஆயிற்று, காய்ச்சலைக் குறிக்கும் ‘ஃபெப்ரிஸ்’ ‘ஃபியேவ்ர்’ ஆயிற்று. நம் பெயர் ‘வியேவ்’ என்று முடிவதால், அழுத்தம் பெற்ற அந்த உயிர், எழுத்தில் எப்படி நீட்டிப் படிக்கப்பட்டாலும், பேச்சில் எகர வகையைச் சேர்ந்ததாகவே இருந்திருக்க வேண்டும். மூலம் ‘வீஃப்’ ஆக இருந்திருந்தால் இன்று இந்தப் பெயரை ‘ழென்வீவ்’ என்று சொல்லிக்கொண்டிருப்பார்கள். இடையில் நின்ற ஃபகரம் வகரமானதும், இறுதி ஆகாரம் தேய்ந்து ஒலியற்றுப் போனதும், நடுவிலிருந்த ஓகாரம் மெலிந்து கரைந்ததும், தொடக்கத்து ககரம் முதலில் ஜகரமாகிப் பின்னர் இன்றைய மென்மையான ஒலியாக மாறியதும் பிரெஞ்சில் வழக்கமான மாற்றங்களே.

இதற்கு மாற்றாகச் சொல்லப்படுவது கெல்டிக் வேர். காலியா என்று வழங்கிய பழைய பிரான்சின் கெல்டிக் மொழியான காலிய மொழியில் ‘கெனோஸ்’ என்றால் பிறப்பு, குலம், வழித்தோன்றல். கி.மு. 52இல் இதே பாரிஸில், அன்றைய லுதீஷியாவில், ரோமானியத் தளபதி லபியேனுஸை எதிர்த்துப் போரிட்ட முதியவரான காமுலோகெனுஸின் பெயரில் அந்தச் சொல் தெளிவாக இருக்கிறது: காமுலோஸ் என்னும் தெய்வத்தின் வழிவந்தவன் என்பது பொருள். கெனோவேஃபாவின் ‘கெனோ’ இதனோடு எழுத்துக்கு எழுத்து பொருந்துகிறது. ஆனால் ‘வேஃபா’வைக் காலிய மொழி கொண்டு விளக்குவது எளிதன்று, ஏனெனில் ஃபகர ஒலி அந்த மொழிக்கு இயல்பானது அல்ல.

‘வேஃபா’வுக்குத் துணையாக ஒரே ஒரு நல்ல சான்று உண்டு, எனக்கு அது மிகவும் பிடித்த சான்று. 6ஆம் நூற்றாண்டில் பாரிஸை ஆண்ட ஃபிராங்கிய மன்னன் கரிபெர்ட் இரண்டு சகோதரிகள்மேல் ஆசை கொண்டதைத் தூர் நகரத்து ஆயர் கிரகோரி தம் வரலாற்று நூலில் எழுதியிருக்கிறார். அவர்கள் அரசி இங்கொபெர்காவிடம் பணியிலிருந்தவர்கள். தந்தை கம்பளித் தொழிலாளி. அந்த மனிதர் கம்பளி வேலை செய்வதை மன்னனே கண்டால் அவர் மகள்களை வெறுத்துவிடுவான் என்று எண்ணி, அரசி அவரை அரண்மனையில் வேலைக்கு அமர்த்தி மன்னனை அழைத்துக் காட்டுகிறாள். மன்னன் சினந்து அரசியையே விலக்கிவிடுகிறான். அந்தச் சகோதரிகளில் ஒருத்தி பெயர் மெரொஃபிளெட். மற்றொருத்தி பெயர் மார்கோவேஃபா. முன்னது ஐயத்துக்கிடமற்ற ஃபிராங்கியப் பெயர். ஒரே வீட்டில் பிறந்த தங்கையும் அக்காளும் ஒரே மொழியில் பெயர் பெற்றிருப்பார்கள் என்று கொண்டால், ‘வேஃபா’ என்ற முடிவும் ஃபிராங்கியருக்குரியதே என்று எண்ண இடமுண்டு. அதன் பொருள் என்ன என்பதில் மட்டும் உடன்பாடு எட்டப்படவில்லை.

ஆக, முற்பகுதி கெல்டிக் ‘கெனோஸ்’ ஆனாலும் ஜெர்மானியக் ‘குனி’ ஆனாலும், இரண்டும் பிறத்தல் என்ற பொருளுள்ள ஒரே இந்தோ–ஐரோப்பிய வேரிலிருந்து கிளைத்தவை. லத்தீனின் ‘கெனுஸ்’, சமஸ்கிருதத்தின் ‘ஜன்’ ஆகியவையும் அதே வேருக்குரியவை. தமிழில் நாம் வழங்கும் ஜனனம், ஜனம் என்ற சொற்கள் அந்தச் சமஸ்கிருதக் கிளை வழியாக வந்தவை. ஆகவே பெயரின் பொருளை ஒரே சொல்லில் சொல்லித்தான் ஆக வேண்டும் என்றால், ‘குலம், பிறப்பு’ என்பதோடு நிறுத்திக்கொள்வதே நேர்மையானது.

இப்போது அந்தப் பெண்ணிடம் வருவோம். பாரிஸுக்கு மேற்கே உள்ள நாந்தேர் என்ற ஊரில் 420ஆம் ஆண்டை ஒட்டி ழென்வியேவ் பிறந்தார். தந்தை பெயர் செவேருஸ், தாய் பெயர் கெரொந்தியா. ஒன்று லத்தீன், மற்றொன்று கிரேக்கத்திலிருந்து வந்தது. இத்தகைய பெற்றோர் மகளுக்கு ஏன் இப்படியொரு பெயர் வைத்தார்கள் என்ற கேள்வியிலிருந்து, செவேருஸ் ரோமானியப் பணியில் இருந்து ரோமானியராகவே மாறிவிட்ட ஃபிராங்கியராக இருக்கலாம் என்று வரலாற்றாசிரியர்கள் சிலர் கருதுகிறார்கள். படங்களில் ழென்வியேவை ஆடு மேய்க்கும் சிறுமியாகக் காட்டுவது பிற்காலக் கற்பனை. பழைய வாழ்க்கை வரலாற்றில் தெரிவது நிலமும் செல்வாக்கும் உடைய குடும்பத்துப் பெண்.

429இல் ஒசேர் நகரத்து ஆயர் ஜெர்மானுஸ், பிரிட்டனில் பரவிய, திருச்சபை ஏற்காத பெலாஜியுஸின் கோட்பாட்டை எதிர்க்கப் போகும் வழியில் நாந்தேரில் தங்கினார். கூடி நின்ற மக்களிடையே அந்தச் சிறுமியை அழைத்து, இறைவனுக்கே வாழ்வை ஒப்படைக்க விருப்பமா என்று கேட்டார். அவள் ஆம் என்றாள். மறுநாள் காலையில், சொன்னது நினைவிருக்கிறதா என்று மீண்டும் கேட்டறிந்த பிறகு, தரையில் கிடந்த சிலுவை பொறித்த செப்புக்காசு ஒன்றை எடுத்து, இதைக் கழுத்தில் அணிந்துகொள், பொன்னும் முத்தும் இனி வேண்டாம் என்று கொடுத்தார் என்கிறது வரலாறு.

451இல் ஹூணர் தலைவன் அத்திலா ரைன் ஆற்றைக் கடந்து காலியாவுக்குள் நுழைந்தபோது, பாரிஸ் மக்கள் உடைமைகளை மூட்டை கட்டிக்கொண்டு வேறு ஊர்களுக்கு ஓடத் தயாரானார்கள். ழென்வியேவ் நகரத்துப் பெண்களைத் திருமுழுக்கு மண்டபத்தில் கூட்டி நோன்பும் செபமுமாக இருக்கச் செய்தார். ஆண்களிடம், நீங்கள் ஓடிப்போகும் ஊர்கள்தான் அழியும், பாரிஸ் தப்பும் என்றார். மக்கள் அவரைப் போலித் தீர்க்கதரிசி என்று சொல்லிக் கல்லெறிந்தோ நீரில் அமிழ்த்தியோ கொல்லப் பார்த்தார்கள். அந்த வேளையில் ஒசேரிலிருந்து வந்த திருத்தொண்டர் ஒருவர், ஆயர் ஜெர்மானுஸ் அந்தப் பெண்ணுக்கென்று விட்டுச்சென்ற ஆசீர்வாதப் பொருளைக் காட்டி அவர்களைத் தடுத்தார். அத்திலா பாரிஸைத் தொடாமல் ஓர்லியான் பக்கம் திரும்பினான். பின்னர் கத்தலவுனியப் போர்க்களத்தில் ஏத்தியுஸ் தலைமையிலான ரோமானிய–விசிகோத்தியப் படையிடம் தோற்றான். இதை வியப்பாகக் கொள்வதும் படைநகர்வின் இயல்பாகக் கொள்வதும் படிப்பவர் விருப்பம். ஊரார் எல்லாம் ஓடத் துணிந்த வேளையில் ஒரு பெண் எதிர்த்து நின்று ஊரைக் கலையவிடாமல் வைத்திருந்தார் என்பது எப்படிப் பார்த்தாலும் பெரிய செயல்.

எனினும் என்னை அதிகம் ஈர்ப்பது அடுத்து வரும் செய்தி. ஃபிராங்கியர் பாரிஸை வளைத்துக்கொண்டு, நகரத்தில் மக்கள் பட்டினியால் மடியத் தொடங்கியபோது, அவர் படகுகளோடு சேன் ஆற்றில் மேலேறி, ஓப் ஆற்றின் வழியாக ஆர்சி, த்ருவா ஊர்கள் வரை சென்று தானியம் சேர்த்துக்கொண்டு வந்தார். வசதியுள்ளவர்களுக்குத் தானியமாகவும், அடுப்பெரிக்கவும் வகையற்றவர்களுக்கு ரொட்டியாகவும் கொடுத்தார். அவரிடம் பணிசெய்த பெண்கள் அடுப்பில் வைத்த ரொட்டிகள் குறைந்திருப்பதைக் கண்டு திகைத்து நிற்க, ஏழைகள் சூடு ஆறாத ரொட்டிகளைக் கையில் ஏந்தியபடி தெருவில் அவரை வாழ்த்திக்கொண்டு போனார்களாம். ஃபிராங்கிய மன்னன் சில்தெரிக், தான் கொல்லத் தீர்மானித்த கைதிகளுக்காக அவர் வந்து மன்றாடினால் மறுக்க முடியாது என்று அஞ்சி, நகர வாயிலையே அடைக்கச் சொன்னான் என்றும் வரலாறு சொல்கிறது. பேரரசு சரிந்துகொண்டிருந்த காலத்தில் ஒரு நகரத்தின் உணவையும் உயிரையும் பொறுப்பாக நின்று பார்த்துக்கொண்டவர் அவர். ‘வெள்ளை அலை’ என்று அழகாக ஒரு பொருளைச் சொல்லி இவரை மறைத்துவிடுகிறார்களே என்பதுதான் என் வருத்தம்.

80 வயதைக் கடந்து, 6ஆம் நூற்றாண்டின் தொடக்க ஆண்டுகளில் அவர் இறந்தார். சேன் ஆற்றின் இடக்கரைக் குன்றில், மன்னன் க்ளோவிஸும் அரசி க்ளோட்டில்டும் எழுப்பிய கோவிலில் அவருடைய கல்லறை அமைந்தது. 511இல் இறந்த க்ளோவிஸும் அங்கேயே அடக்கம் செய்யப்பட்டார். அந்தக் குன்று இன்றும் சேன்த் ழென்வியேவ் குன்று என்றே வழங்குகிறது. வெள்ளம், வறட்சி, போர் என்று எது வந்தாலும் பாரிஸ் மக்கள் அவருடைய எலும்புகள் வைத்த திருப்பண்டப் பேழையைத் தோளில் சுமந்து ஊர்வலம் போவது வழக்கமாயிற்று. 12ஆம் நூற்றாண்டில், உடலைத் தீப்போல் எரிக்கும் கொள்ளைநோய் பரவியபோது அப்படி எடுத்த ஊர்வலத்தால் நோய் தணிந்தது என்ற நம்பிக்கை நெடுங்காலம் நீடித்தது. புல்லரிசி (ரை) என்னும் தானியக் கதிரில் படரும் நச்சுப் பூஞ்சையே அந்நோய்க்குக் காரணம் என்பது இன்று தெரிந்த செய்தி.

1744இல் மெட்ஸ் நகரில் நோயுற்றுப் பிழைத்த 15ஆம் லூயி, நேர்த்திக்கடனாகப் புதிய கோவில் கட்டுவதாக வேண்டிக்கொண்டார். கட்டடக் கலைஞர் சூஃப்ளோ வடிவமைத்த அந்தப் பெருங்கோவில் 1790இல் முடிந்தது; அதற்குள் புரட்சி வந்துவிட, 1791இல் அதைத் தேசத்தின் பெரியோர்களுக்கான நினைவிடமாக்கினார்கள். இன்று பாந்தேயோன் என்று உலகமே அறிந்த கட்டடம் அதுதான். 1793இல் புனிதையின் எலும்புகள் கிரேவ் சதுக்கத்தில் எரிக்கப்பட்டன. கல்லறைக் கல்லின் எஞ்சிய பகுதி, பாந்தேயோனுக்குப் பின்னால் இருக்கும் சேன்த் எத்தியேன் து மோன் கோவிலில் வைக்கப்பட்டிருக்கிறது. கட்டடக் கலைஞர் லபுரூஸ்த் கட்டிய, 1851இல் திறக்கப்பட்ட நூலகமும் அதே குன்றில் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. தூர்னெல் பாலத்தில் நிற்கும் அவர் சிலையை வடித்த போல் லாந்தோவ்ஸ்கிதான் ரியோ நகரத்து மலைமேல் நிற்கும் கிறிஸ்து சிலையையும் உருவாக்கியவர்.

இந்தப் பெயருக்கு இன்னொரு கதைநாயகியும் உண்டு: பிரபாந்து நாட்டு ழென்வியேவ். கணவன் போருக்குப் போயிருக்கையில், அவன் நம்பிவிட்டுச் சென்ற கோலோ என்பவன் அவள்மேல் பழி சுமத்த, காட்டில் விடப்பட்டு ஒரு மானின் பாலால் குழந்தையை வளர்த்த கற்புக்கரசியின் கதை. 17ஆம் நூற்றாண்டில் இயேசு சபைத் துறவி செரிசியே பிரெஞ்சில் எழுதியதிலிருந்து ஐரோப்பா முழுவதும் பரவி, நம்மிடமும் வந்து சேர்ந்தது, 1953இல் எம்.ஜி.ஆரும் பி.எஸ்.சரோஜாவும் நடித்து வெளிவந்த ‘ஜெனோவா’ அந்தக் கதைதான். ஆகவே ஜெனோவா என்ற பெயர் இத்தாலியத் துறைமுக நகரத்திலிருந்து வந்ததென்று நம்மவர் சிலர் எண்ணுவது சரியன்று. அது கெனோவேஃபாவின் தமிழ் வடிவம்.

பிற மொழிகளில் இப்பெயர் மூலத்துக்கு நெருக்கமாகவே நிற்கிறது: ஜெர்மனிலும் ஸ்பானியத்திலும் எழுத்தில் ஜெனோவேவா, போலந்தில் கெனொவேஃபா, பிரான்சின் வடமேற்கில் வழங்கும் பிரெத்தோன் மொழியில் ழெனொவேஃபா. பிரெஞ்சில் செல்லப்பெயராகப் பிறந்த ழினெத் பின்னர் தனிப்பெயராகவே நிலைத்துவிட்டது. பிரான்சில் 20ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் ழென்வியேவ் மிகப் பரவலாக வைக்கப்பட்டது. இன்று அங்கே அது பெரும்பாலும் பாட்டிமார் பெயர். கனடாவின் கெபெக் மாநிலத்தில் 1970களிலும் 1980களிலும் அது செல்வாக்கோடு இருந்ததால், அங்கே நடுவயதுப் பெண்கள் பலருக்கு இப்பெயர் உண்டு.

அண்மைக் காலத்தில் இப்பெயரைத் தாங்கியவர்களில் குறிப்பிட வேண்டியவர் ழென்வியேவ் தெ கோல்–அந்தோனியோஸ். பிரான்சின் குடியரசுத் தலைவராக இருந்த ஜெனரல் தெ கோலின் அண்ணன் மகள். நாஜி எதிர்ப்பு இயக்கத்தில் பணியாற்றிப் பிடிபட்டு, ரவென்ஸ்ப்ரூக் வதைமுகாமில் அடைக்கப்பட்டவர். விடுதலைக்குப் பிறகு, பாரிஸைச் சுற்றியிருந்த குடிசைப் பகுதிகளின் வறுமையைக் கண்டு, 1964 முதல் 1998 வரை வறியோருக்கான இயக்கமொன்றைத் தலைமையேற்று நடத்தினார். 2015 மே 27 அன்று அவருக்குப் பாந்தேயோனில் இடமளிக்கப்பட்டது. கணவருக்கு அருகிலிருந்து உடலை எடுக்கக் குடும்பத்தார் விரும்பாததால், கல்லறை மண் வைத்த பேழையே அங்கே கொண்டுசெல்லப்பட்டது.

பெயரை வைக்க விரும்புகிறவருக்கு நடைமுறைச் செய்திகள் சில. பிரெஞ்சு எழுத்தில் மூன்றாவது ‘எ’யின் மேல் மட்டுமே, இடமிருந்து வலமாகச் சரியும் குறி ஒன்று உண்டு; முதல் இரண்டு ‘எ’க்களுக்கும் குறி இட்டு எழுதுவது பரவலான பிழை. பேச்சில் நடு எழுத்து விழுங்கப்பட்டு ‘ழென்–வியேவ்’ என்று இரண்டு அசையாக ஒலிக்கும். தமிழில் அந்தத் தொடக்க ஒலிக்கு நேர் எழுத்தில்லை. பிரெஞ்சுப் பெயர்களை எழுதுவோர் ழகரத்தைப் பயன்படுத்தும் வழக்கம் இருப்பதால் நானும் அதையே கையாண்டிருக்கிறேன். ஆனால் பள்ளியிலும் அலுவலகத்திலும் பார்ப்பவர்கள் அதைத் தமிழ் ழகரமாகவே படிப்பார்கள் என்பதால், சான்றிதழில் ‘ஜென்வியேவ்’ என்று எழுதுவதே குழந்தைக்கு வசதி. பெயர் நாள் (அப்பெயருடைய புனிதரின் திருநாள்) கொண்டாட விரும்பினால் பிரெஞ்சு நாட்காட்டியில் அது ஜனவரி 3.